முழுக்கைச் சட்டைக்குள் ஒரு முழங்கை

எங்கள் கிரிக்கெட் லீக்கில் இந்தக் கோடையிலிருந்து ஒரு புதிய ஒழுங்கு வந்திருக்கிறது. யாராவது பந்தை வீசாமல் எறிகிறார் என்று சந்தேகம் எழுந்தால், அவரைச் சட்டைக் கையை முழங்கைக்கு மேலே மடித்துவிடச் சொல்லி, முக்காலியில் பூட்டிய கைபேசியால் படம் பிடிக்கிறார்கள். பிறகு செயற்குழு கூடி, தேநீரும் பற்றிஸுமாக இருந்து, அதை மெதுவாக ஓடவிட்டுப் பார்த்து முடிவு சொல்கிறது.

இளைய நடுவர்கள் சிலர் என்னிடம், "அங்கிள், போன் இல்லாத காலத்தில உதை எப்பிடிச் செய்தனீங்கள்?" என்று கேட்டார்கள். செயலாளர் அதையே கட்டுரையாக எழுதி ஆண்டு மலருக்குத் தரச் சொன்னார். என்னைவிட நல்ல நடுவர்கள் பலர் ஓய்வுபெற்றிருக்கிறார்கள். அவர்கள் தொலைபேசியை எடுப்பதில்லை.

கிரிக்கெட் தெரியாதவர்களுக்கு ஒரு விளக்கம். பந்து வீசுபவரின் கை தோள் மட்டத்துக்கு வந்த பிறகு முழங்கை மடிந்திருந்து நிமிரக் கூடாது. நிமிர்ந்தால் அது எறிதல். நடுவர் 'நோ போல்' என்று கூவ வேண்டும். எங்கள் லீக்கில் அப்படி ஒருமுறை கூவப்பட்டவர் அதன்பிறகு பந்தைத் தொட முடியாது. கள்ளன் என்று பெயர் வாங்கிக்கொண்டு எல்லைக்கோட்டில் நிற்க வேண்டியதுதான். யாழ்ப்பாணத்தில் இந்தக் குற்றத்துக்கு 'மாங்காய்' என்று பெயர். மரத்தில் தொங்கும் மாங்காய்க்குக் கல் எறிவதுபோல எறிகிறான் என்று அர்த்தம்.

வார நாட்களில் நான் ஒரு தமிழ் வாரப் பத்திரிகையில் துணை ஆசிரியராக இருந்தேன். மற்றவர்கள் எழுதியதை வெட்டினேன். சனி ஞாயிறுகளில் வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு மற்றவர்கள் ஆடுவதை நிறுத்தினேன். இரண்டு தொழிலிலும் நண்பர்கள் சேர்வதில்லை. விளையாடத் தெரியாததால்தான் நடுவராக வந்தேன் என்று சிலர் சொல்வதுண்டு. அது உண்மை. யாழ்ப்பாணத்தில் படித்த கல்லூரியில் நான் இரண்டாவது அணியின் பன்னிரண்டாவது ஆள். மைதானத்துக்குள் போனதெல்லாம் தண்ணீர் கொண்டுதான். கல்லூரி மலரில் என் பெயர் ஒருமுறை வந்தது, வேறொருவருடைய படத்துக்குக் கீழே.

ரொறன்ரோவுக்கு வந்த முதல் மாரிக் குளிரில் பார்க்டேலில் ஒரு அடுக்குமாடியில் பலர் சேர்ந்து இருந்தோம். அங்கிருந்த நூலகத்தில் ஒரு அறிவித்தல் கண்டேன்: நடுவர் பயிற்சி, இலவசம், தேவாலய மண்டபம், தேநீர் உண்டு. கிரிக்கெட் சட்டத்தில் எனக்கு எந்த ஆர்வமும் இருக்கவில்லை. மண்டபத்தில் வெப்பமூட்டி வேலை செய்தது, எங்கள் அறையில் செய்யவில்லை.

பயிற்சி தந்தவர் மிஸ்டர் தோர்ன்லி என்ற ஆங்கிலேயர். லீக்கின் தலைமை நடுவர் அவர்தான். உயரமான, ஒடுங்கிய மனிதர். ஒவ்வொரு வகுப்பின் தொடக்கத்திலும் எங்கள் சப்பாத்துகளைத்தான் முதலில் பார்ப்பார். என் பெயர் அவர் வாயில் நுழையவில்லை, அதனால் 'மிஸ்டர் எஸ்' ஆனேன். என் பெயரில் அந்த எழுத்து எங்கேயும் இல்லை.

முதல் வகுப்பில் மண்டபத்தின் நடுவில் ஸ்ரம்பு என்கிற விக்கெட் குச்சி ஒன்றை நட்டு, அதை எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்கச் சொன்னார். கொஞ்ச நேரத்தில் ஒருவர் கொட்டாவி விட்டார். தோர்ன்லி அவரிடம் போய், நீங்கள் கண்ணை மூடியபோது விக்கெட் விழுந்துவிட்டது, இனி வீட்டுக்குப் போகலாம் என்றார். அவர் சிரித்தார். தோர்ன்லி கதவைத் திறந்துபிடித்தபடி நின்றார். அவர் போகவேண்டியதாயிற்று. அதன்பிறகு வசந்தம் வரும்வரை அந்த மண்டபத்தில் யாரும் கொட்டாவி விடவில்லை.

அவர் சொல்லித் தந்தவற்றில் இரண்டு விஷயம்தான் எனக்கு நின்றது. ஒன்று: எது நடக்கிறதோ அது தெரியும் இடத்தில் நில், தெரியாவிட்டால் நடந்து போய்த் தெரியும் இடத்தைக் கண்டுபிடி. மற்றது: ஆட்டமிழப்பு என்று விரலைத் தூக்கிய பிறகு வாயைத் திறக்காதே. விரல் சொல்லிவிட்டது, வாய்க்கு அங்கே வேலையில்லை என்பார்.

கடைசி வகுப்பில் தன் பையிலிருந்து ஒரு படத்தை எடுத்துக் காட்டினார். அடர்ந்த மீசை, இடுப்பில் பெரிய பட்டி, கையில் பந்து. அவருடைய அப்பாவின் பாட்டனார். விக்டோரியா மகாராணி காலத்தில் ஒரு கவுன்டி அணிக்காகச் சம்பளத்துக்குப் பந்து வீசியவர். அதற்கு முன் நிலக்கரிச் சுரங்கத்தில் இருந்தவர். காலையில் கனவான்கள் அடித்துப் பழகுவதற்காக அவர்களுக்குப் பந்து வீச வேண்டும். மத்தியானம் அதே கையோடு ஆட்டத்திலும் வீச வேண்டும். சம்பளம் வாங்காமல் ஆடும் கனவான்கள் ஒரு வாசலால் மைதானத்துக்குள் வருவார்கள், சம்பளக்காரர்கள் பின்பக்கத்து வாசலால் வருவார்கள். எல்லோரும் ஒரே அணிதான்.

ஒருநாள் எதிரணியின் கப்டன், பெரிய இடத்துப் பிள்ளை, நடுவருடைய காதில் ஏதோ சொன்னார். நடுவர்களும் அந்தக் காலத்தில் சம்பளக்காரர்கள். அடுத்த ஓவரில் அந்த நடுவர், பந்து வீசும் பக்கத்தில் நின்றபடியே, எறிகிறார் என்று திரும்பத் திரும்ப நோ போல் கூவினார். அடுத்த வருடம் பாட்டனாருக்கு ஒப்பந்தம் வரவில்லை. அதே மைதானத்தில் உருளை இழுக்கும் குதிரையைப் பார்த்துக்கொண்டு மிச்சக் காலத்தைக் கழித்தாராம்.

வகுப்பில் கயானாக்காரர் ஒருவர் இருந்தார், ராம்பர்சாட் என்று பெயர். அவர், "உங்கள் பாட்டனார் உண்மையில் எறிந்தாரா?" என்று கேட்டார்.

தோர்ன்லி படத்தைத் துடைத்துப் பைக்குள் வைத்தார். "பெரும்பாலும் எறிந்திருப்பார்," என்றார். "ஆனால் முழங்கை தெரியாத இடத்தில் நின்று அந்த நடுவர் சொன்னார். ஊகித்தார், ஊகம் சரியாக இருந்தது. அதற்குப் பெயர் நடுவர் வேலை இல்லை."

அவ்வளவுதான். தேநீர் குடித்தோம். அந்தக் கதை எனக்குப் பெரிதாகப் படவில்லை. சுரங்கத் தொழிலாளியின் மீசைதான் நினைவில் நின்றது.

மைதானத்துக்கு வந்த பிறகு தோர்ன்லி சொல்லித்தராத ஒரு பிரச்சினை இருந்தது. அது சாப்பாடு. அவருடைய சட்டப்படி நடுவர் தன்னுடைய சான்ட்விச்சைத் தானே கொண்டுவந்து தனியாகச் சாப்பிட வேண்டும். எங்கள் ஆட்கள் ஆடும் மைதானத்தில் அது நடக்காது. எல்லைக்கோட்டுக்கு வெளியே வான் வண்டிகளின் பின்கதவுகள் திறந்திருக்கும், ஒவ்வொரு அணியின் கூடாரத்திலும் அடுப்பு எரியும். "அண்ணை, ஒரு றோல்ஸ் எடுங்கோ" என்று நீட்டினால் மறுக்க முடியாது. மறுத்தால் அவமானம், ஒரு பக்கத்தில் மட்டும் எடுத்தால் லஞ்சம். நான் ஒரு வழி கண்டுபிடித்தேன்: இரண்டு கூடாரத்திலும் ஒரே அளவு சாப்பிடுவது. நீதி நிலைத்தது. வெள்ளைக் கோட்டின் பொத்தான்கள்தான் நிலைக்கவில்லை. ஆனால் யாருடைய றோல்ஸை முதலில் எடுக்கிறேன் என்பதையும் சனம் கவனித்துக்கொண்டிருந்தது என்பது எனக்குப் பிந்தித்தான் தெரிந்தது.

இனி அந்த இறுதி ஆட்டம்.

நாற்பது வயதுக்கு மேற்பட்டோர் கிண்ணம். மில்லிக்கன் பக்கம், மின்கம்பிகள் மேலே ஓடும் ஒரு மைதானம். செப்டெம்பர், நல்ல காற்று. ஒரு பக்கம் என்னுடைய கல்லூரியின் பழைய மாணவர் அணி. அதன் கப்டன் குமார், என் மனைவியின் தம்பி. வீடு விற்கும் முகவர், விட்பியில் இருக்கிறார். அவருடைய சிரித்த முகம் அந்த மைதானத்துக்கு முன்னால் பஸ் நிறுத்தத்தில் ஆட்கள் இருக்கும் வாங்கிலும் விளம்பரமாக ஒட்டப்பட்டிருந்தது. மறுபக்கம் மன்னார் ஆட்களின் அணி. மற்ற நடுவர் ராம்பர்சாட்.

ஆட்டத்துக்கு முன்னமே மன்னார்க்காரர்கள் என்னை வேண்டாம் என்றார்கள். "உவர் அவையின்ர கொலிஜ். மச்சான்காரன்தான் கப்டன். உது சரிவராது" என்றார்கள். வேறு நடுவர் இல்லை. குமார் அவர்களைச் சமாதானப்படுத்தினார்: "அத்தான் எப்பவும் எங்களுக்கு எதிராத்தான் குடுக்கிறவர். நீங்கள் பயப்பிடாதேங்கோ." அன்று அவர் சொன்னதில் பின்னர் பலித்தது அது ஒன்றுதான். நான் மன்னார்க் கூடாரத்துக்குப் போய், மனத்தாங்கல் தீரட்டும் என்று, அங்கே முதல் றோல்ஸை எடுத்தேன். மீன் றோல்ஸ். நல்ல உறைப்பு.

மன்னார் அணியின் சுழல்பந்து வீச்சாளர் நாயகம். முழுப் பெயர் மரியநாயகம். ஐம்பதை ஒட்டிய வயது, ஒரு பேக்கரியில் வேலை. குட்டையான, அதிகம் பேசாத மனிதர். ஆடி மாத வெயிலிலும் மணிக்கட்டுவரை மூடிய கம்பளிச் சட்டையோடுதான் பந்து வீசுவார். பந்து தரையில் பட்டதும் சொல்லிவைத்ததுபோலத் திரும்பும். அவருக்குப் பின்னால் எல்லோரும் சொன்ன பெயர் மாங்காய். சிலர் முன்னாலும் சொன்னார்கள்.

இரண்டாவதாகத் துடுப்பெடுத்தாடியது குமாரின் அணி. குமார் நன்றாக அடித்துக்கொண்டிருந்தார். நாயகம், ராம்பர்சாட் நின்ற பக்கத்திலிருந்து வீச வந்தார். நான் அப்போது துடுப்பாட்டக்காரருக்குப் பக்கவாட்டில், ஸ்குவயர் லெக்கில் நின்றேன். எறிதலைக் கவனிப்பது அந்த இடத்தில் நிற்பவரின் பொறுப்பு. இரண்டு விக்கெட் அடுத்தடுத்து விழுந்தன. குமார் என் பக்கம் திரும்பினார்.

"அத்தான், உது மாங்காய். உங்கட கண்ணுக்கு முன்னால எறியிறான்."

"நீர் விளையாடும்."

"நான் விளையாடுறன். நீங்கள் பாருங்கோ."

பார்த்தேன். கை சுழன்றது, கம்பளி காற்றில் படபடத்தது, பந்து போய்விட்டது. முழங்கை எங்கேயோ உள்ளே இருந்தது. அடுத்த ஓவரிலும் அப்படித்தான். மூன்றாவது விக்கெட்டும் விழுந்தது. குமாரின் கூடாரத்திலிருந்து "மாங்காய், மாங்காய்" என்று தாளம் போட ஆரம்பித்தார்கள். ஒருவர் பானை மூடியைத் தட்டினார்.

தோர்ன்லியின் முதல் பாடம்: தெரியாவிட்டால் நட. ஸ்குவயர் லெக் நடுவர் ஆடுகளத்தைக் கடந்து எதிர்ப்பக்கம் போய் நின்று பார்க்கலாம். அதில் ஒரு சங்கடம், நடுவர் கடந்து போவதை மைதானம் முழுவதும் பார்க்கும். அது பாதித் தீர்ப்பு மாதிரி. நான் கடந்தேன். பானை மூடி நின்றது. "அந்தா, அம்பயர் மற்றப் பக்கம் போறார். இனி மாங்காய் முடிஞ்சுது" என்று யாரோ சொன்னது காற்றில் தெளிவாகக் கேட்டது. நாயகம் என்னைப் பார்த்தார். பிறகு பந்தைப் பார்த்தார்.

எதிர்ப்பக்கத்திலிருந்தும் எனக்குத் தெரிந்தது கம்பளிதான். எவ்வளவு பந்து அப்படிப் பார்த்தாலும் கம்பளி கம்பளியாகவே இருந்தது. உள்ளதைச் சொன்னால், எறிகிறார் என்பதே என் ஊகம். அப்படித் திரும்பும் பந்தை நேர்மையான ஒரு கையால் வீச முடியாது என்று நினைத்தேன். கிரிக்கெட்டில் என்னுடைய கையால் எதுவும் செய்ய முடிந்ததில்லை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும்.

எல்லைக்கோட்டுக்கு அப்பால் ஒரு மடிப்புக் கதிரையில், முழங்காலில் போர்வையோடு, ஓய்வுபெற்ற தோர்ன்லி இருந்தார். அவர் என்னைப் பார்க்கவில்லை. நாயகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

தண்ணீர் இடைவேளை வந்தது. ஆடுகளத்தில் விரிக்கும் பாயை வைத்துப் பூட்டும் ஆளுயர இரும்புப் பெட்டி ஒன்று மைதானத்தின் ஓரத்தில் இருக்கிறது. அதன் பின்பக்கத்துக்கு வரும்படி நாயகத்தைக் கூப்பிட்டேன்.

"அண்ணை, நோ போல் கோல் பண்ணப் போறியளோ?" என்று அவர் கேட்டார்.

"நான் இன்னும் பாக்கேல்லை. சட்டைக் கையை மடியுங்கோ."

"மாட்டன்."

"மடிக்காட்டி நான் ஊகத்திலதான் சொல்லவேணும்."

"அப்ப நோ போல் எண்டே சொல்லுங்கோ. நான் கோவிக்கமாட்டன்."

என் நடுவர் வாழ்க்கையில் பந்து வீசுபவர்கள் என்னிடம் பலதைக் கேட்டிருக்கிறார்கள், கண்ணாடி போடச் சொல்லியும் கேட்டிருக்கிறார்கள். நோ போல் தா என்று யாரும் கேட்டதில்லை.

"சொன்னால் இண்டையோட உங்கட பந்துவீச்சு முடிஞ்சுது. தெரியுமோ?"

"தெரியும்." அவர் மைதானத்தைப் பார்த்தார். அவருடைய அணிக்காரர்கள் தோடம்பழத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். "ஊரிலயும் ஒருக்கா இப்பிடித்தான் நிப்பாட்டினவை. பள்ளிக்கூட ரீமில. இஞ்ச வந்து எத்தினை காலத்துக்குப் பிறகுதான் திரும்பப் பந்தைத் தொட்டனான்."

"அப்ப மடிச்சுக் காட்டினால் என்ன?"

அவர் கம்பளிக் கையை இன்னும் கீழே இழுத்துவிட்டார். பிறகு சொன்னார்: "அண்ணை, மாங்காய் எண்டு கூப்பிடினம். கூப்பிடட்டும். எறியிறவன் எண்டால், கள்ளனெண்டாலும் கெட்டிக்காரக் கள்ளன் எண்டு நினைப்பினம். சொத்திக்கையன் எண்டு ஒருக்காக் கூப்பிடத் தொடங்கினால் பிறகு அதுதான் பேர். சின்னனில கேட்டது போதும்."

நான் பெட்டியின் ஓரத்தால் எட்டிப் பார்த்தேன். அந்தப் பக்கம் ஒருவரும் இல்லை.

"பாத்தால் ஒருத்தருக்கும் சொல்லக் கூடாது," என்றார். "உங்கட மனுசிக்கும்."

"சொல்லமாட்டன்."

மடிக்கவில்லை, கம்பளிச் சட்டையைத் தலைவழியாக முழுவதுமாகக் கழற்றினார். வலது கை முழங்கையில் வளைந்து, வளைந்த இடத்திலேயே நின்றது. வாளியின் கைப்பிடியைப் பாதி தூக்கியதுபோல. சிறுவயதில் வள்ளத்திலிருந்து இறங்குதுறைக் கல்லில் விழுந்ததாகச் சொன்னார். எலும்பு பொருந்தியது, பொருந்திய கோணத்திலேயே பிடித்துக்கொண்டது.

நான் ஒழுங்காகச் செய்தேன். ஒரு கையால் அவருடைய மேற்கையைப் பிடித்து, மறு கையால் மணிக்கட்டை இழுத்து நிமிர்த்தப் பார்த்தேன். அசையவில்லை. மடக்கிப் பார்த்தேன். அந்தப் பக்கமும் ஒரு மயிரிழைகூட அசையவில்லை. பிறகு அந்த இரும்புப் பெட்டியை நோக்கி ஒரு பந்து வீசச் சொன்னேன். பக்கத்தில் குனிந்து நின்று முழங்கையை மட்டும் பார்த்தேன். இன்னொன்று வீசச் சொன்னேன். பந்து இரும்பில் பட்டு எழுந்த சத்தத்தில் அந்தப் பக்கம் கழிப்பறைக்கு வந்த ஒருவர் திரும்பிப் போய்விட்டார். வளைந்த கை வளைந்தபடியே சுழன்று, வளைந்தபடியே இறங்கியது. நிமிர முடியாத கை எறிய முடியாது. பள்ளிக்கூடத்திலிருந்தே மாங்காய் என்று பெயர் வாங்கிய அந்த மனிதர், எங்கள் லீக்கில் எறிவதற்கு வழியே இல்லாத ஒரேயொருவர்.

"போடுங்கோ சட்டையை, குளிருது" என்றேன். வேறு நல்ல வசனம் அப்போது வரவில்லை. இப்போதும் வரவில்லை.

ராம்பர்சாட்டிடம் போய், பார்த்துவிட்டேன், எனக்குத் திருப்தி என்று மட்டும் சொன்னேன். அவர் தலையாட்டிவிட்டு, தன் றோல்ஸை முடித்தார்.

பிறகு நடந்தது, எனக்கு வேண்டாதவர்கள் கூடி யோசித்து எழுதியதுபோல நடந்தது. மன்னார்க் கப்டன் நாயகத்தைப் பக்கம் மாற்றினார். இப்போது அவர் நான் நின்ற முனையிலிருந்து, எனக்குப் பக்கத்தால் ஓடிவந்து வீசினார். எதிரே குமார். முதல் பந்து திரும்பிக் குமாரின் முன்காலில், விக்கெட்டுக்கு நேரே பட்டது. கால் மறிக்காவிட்டால் பந்து ஸ்ரம்பில் பட்டிருக்கும் என்று நடுவர் கண்டால் அது ஆட்டமிழப்பு. மன்னார்க்காரர் அனைவரும் என்னை நோக்கித் திரும்பினார்கள். குமாரின் தலைக்கு மேலே, தூரத்துப் பஸ் நிறுத்த வாங்கில், இன்னொரு குமார் சிரித்துக்கொண்டிருந்தார்.

விரலைத் தூக்கினேன்.

"அத்தான்," என்றார் குமார். அதில் கேள்வி இல்லை.

நான் வாயைத் திறக்கவில்லை. அவர் போனார். நாயகம் மொத்தம் ஐந்து விக்கெட் எடுத்தார். மன்னார் அணிக்குக் கிண்ணம் கிடைத்தது. பானை மூடி என் கார் இருந்த பக்கமாக வந்து விழுந்தது. தற்செயல் என்றே எடுத்துக்கொண்டேன்.

கார் இருக்கும் இடத்துக்குப் போகும் வழியில் தோர்ன்லியின் கதிரையைக் கடந்தேன்.

"மிஸ்டர் எஸ், முழங்கையைப் பார்த்தீர்களா?"

"பார்த்தேன்."

"அப்படியானால் வீட்டுக்குப் போங்கள்."

வீட்டில் தொலைபேசி எனக்கு முன்னமே வந்து சேர்ந்திருந்தது. மனைவி இந்திரா குசினிக்குள் நின்றார்.

"இஞ்சாருங்கோ, அந்த ஆள் எறியிறதை நீங்கள் பாக்கேல்லையே?"

"பாத்தனான். எறியேல்லை."

"எப்பிடித் தெரியும்?"

"சொல்லேலாது."

"எனக்குமோ?"

"ஓம்."

அவர் சட்டியை மூடினார். "அப்ப இண்டைக்கு என்ன கறி எண்டு என்னாலயும் சொல்லேலாது." அன்று சொல்லவில்லை, போடவும் இல்லை. அவருடைய ஒரே தம்பி அந்த வருடத் தீபாவளிக்கு எங்கள் வீட்டுக்கு வரவில்லை. அதற்கடுத்த தீபாவளிக்கும் வரவில்லை. இந்திரா இருமுறையும் தம்பிக்குப் பிடித்த பலகாரத்தைச் சுட்டு, என் முன்னால் வைத்து, நான் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை சொன்னால் எல்லாம் தீர்ந்துவிடும். அந்த வார்த்தை என்னுடையதல்ல.

அடுத்த வாரம் எங்கள் பத்திரிகைக்கே ஒரு வாசகர் கடிதம் வந்தது. மீன் றோல்ஸுக்கு விலைபோன நடுவர் என்று அதில் என்னைப் பற்றி எழுதியிருந்தார்கள். ஆசிரியர் அதை என் மேசையில் வைத்து, "நீங்கள் சம்பந்தப்பட்டதால வெட்டக் கூடாது. ஆனால் பிழை திருத்தலாம்" என்றார். திருத்தினேன். தொடர்பில்லாத இரண்டு பந்திகளை இணைத்தேன். கடைசி வசனம் தளர்வாக இருந்தது, அதையும் இறுக்கிக் கொடுத்தேன். அந்த வாரப் பத்திரிகையில் வாசிக்கத் தகுந்த பகுதி அதுதான் என்று பலர் சொன்னார்கள்.

நாயகம் தொடர்ந்து பந்து வீசினார். அவர்மீது முறைப்பாடு வரும்போதெல்லாம் புதிய தலைமை நடுவர் என்னைக் கேட்பார், பார்த்திருக்கிறேன் என்பேன். அதற்கு மேல் அவர் கேட்டதில்லை. அவரும் தோர்ன்லியிடம் படித்தவர். பழைய மாணவர் சங்கத்து இராப்போசனத்தில் எனக்குக் குசினிக் கதவுக்குப் பக்கத்து மேசை என்று ஒரு வழக்கம் உருவானது. சாப்பாடு சூடாக வரும், அதனால் நான் ஆட்சேபிக்கவில்லை. குமார் தன் மகளின் கல்யாணத்துக்கு முறைப்படி எங்களைக் கூப்பிட வேண்டியிருந்ததால் போக்குவரத்து மீண்டும் தொடங்கியது. ஆனால் அந்த ஆட்டத்தைப் பற்றிப் பேசுவதில்லை என்பது எழுதாத ஒப்பந்தம்.

கடந்த வருட முடிவில் முழங்கால் என்னைக் கேளாமலே ஓய்வெடுத்தது. இந்த வசந்தத்தில் லீக் எனக்கொரு பிரியாவிடை மதிய விருந்து வைத்தது. ஸ்காபரோவில் ஒரு விருந்து மண்டபம். நிகழ்ச்சித் தொகுப்பாளர் குமார், மைக் கிடைக்கும் இடத்தில் வேறு யார். என் வெள்ளைக் கோட்டைப் பற்றி, என் நடையைப் பற்றி, றோல்ஸைப் பற்றிச் சொன்னார். சனம் சிரித்தது. நானும் சிரித்தேன், நன்றாகத்தான் சொன்னார். பிறகு அந்த ஒப்பந்தத்தை மீறினார்.

"எங்கட அத்தானுக்கு எல்லாம் தெரியும். மரத்தில தொங்கிற மாங்காயை மட்டும் தெரியாது," என்றார். முழு மண்டபமும் திரும்பி மன்னார் ஆட்களின் மேசையைப் பார்த்துச் சிரித்தது.

நாயகம் எழும்பினார். இப்போது அறுபதைத் தாண்டிவிட்டார். மேடைக்கு வந்தார், குமாரிடம் மைக்கைக் கேட்கவில்லை. கோட்டைக் கழற்றி எங்கள் மேசையின் கதிரையில் போட்டார். வலது கையின் பொத்தானைக் கழற்றி, சட்டையை மடித்து, மடித்து, தோள்வரை ஏற்றினார். கையை உயர்த்திப் பிடித்தார். நிமிர்த்த முயன்றும் காட்டினார். கடைசி மேசைவரைக்கும் தெரிந்தது.

"உவருக்குத் தெரியும்," என்று என்னைக் காட்டினார். மைக் இல்லாமலே கேட்டது. "சொல்லவேண்டாம் எண்டு நான்தான் கேட்டனான். உவர் சொல்லேல்லை. நான் இனியும் பேசாமல் இருந்தால், கள்ளன் எண்ட பேர் உவருக்கெல்லோ போகுது."

மடித்த கையோடேயே போய் உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து புரியாணியைச் சாப்பிடத் தொடங்கினார். இந்திரா என்னைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். பிறகு தன் தட்டிலிருந்த பெரிய இறைச்சித் துண்டை எடுத்து என் தட்டில் வைத்தார். எங்கள் வீட்டில் அதற்கு மேல் ஒரு தீர்ப்பு கிடையாது.

இந்தக் கோடையில் புதிய ஒழுங்கு வந்ததும், கைபேசிக்கு முன்னால் முதலில் போய் நின்றவர் நாயகம்தான். யாரும் அவரைக் கூப்பிடவில்லை. இதை எழுதட்டுமா என்று அவரிடம் கேட்டேன். "எழுதுங்கோ அண்ணை. பேரைப் போடுங்கோ. அந்த அஞ்சு விக்கெட்டையும் போடுங்கோ" என்றார். போட்டுவிட்டேன்.

அன்று விருந்து முடிந்து வெளியே வந்தபோது கார்த் தரிப்பிடத்து ஓரங்களில் கறுத்த பனி கரைந்து ஓடிக்கொண்டிருந்தது. குமார் என் காருக்குப் பக்கத்தில் நின்றார். மேடையிலிருந்து இறங்கி நாயகத்திடம் போய்க் கையைப் பிடித்து ஏதோ சொல்லிவிட்டு வந்திருந்தார். என்ன சொன்னார் என்று நான் கேட்கவில்லை.

"அத்தான், எனக்கும் சொல்லேல்லை. அக்காவுக்கும் சொல்லேல்லை."

"ஓம்."

சப்பாத்து நுனியால் பனியை உதைத்தார். அவர் மன்னிப்புக் கேட்கப்போகிறார் என்று நினைத்து, எப்படிப் பெருந்தன்மையாக இருப்பது என்று நான் மனதுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன்.

"சரி, அவர் எறியேல்லை," என்றார் குமார். "அதை நான் ஒத்துக்கொள்ளுறன். ஆனால் அத்தான், இப்பவெண்டாலும் உண்மையைச் சொல்லுங்கோ. அந்தப் பந்து லெக் ஸ்ரம்புக்கு வெளியாலதானே போனது?"

கார்க் கதவைத் திறந்து பாதி உள்ளே போயிருந்த நான் திரும்ப வெளியே வந்தேன். நேராக நின்றேன். கோட்டுப் பொத்தானைப் பூட்டினேன். ஒன்றும் பேசாமல், விரலைத் தூக்கினேன்.